ஐம்பதில் ஒன்று

கண்ணில் படாத ஜீவராசிகள் – வரலாற்றுத் தொடர் – அத்தியாயம் 9

சென்ற வாரம் இத்தாலிய ஆய்வாளர் ஸ்பல்லன்சானியின் குடுவைகளை அடுப்பிலேயே விட்டுவிட்டு வந்தோம். கழுத்தைத் தீயில் உருக்கி அடைத்து, ஒரு மணி நேரம் கொதிக்கவிட்ட கண்ணாடிக் குடுவைகள். உள்ளே ஒரு ஜீவனும் தோன்றவில்லை. ஊறலில் ஜீவன்கள் தாமாகவே தோன்றும் என்று வாதிட்ட நீடம் அசரவில்லை. அவ்வளவு நேரம் கொதிக்கவைத்தால் ஊறலுக்குள் இருக்கும் வளர்ச்சி சக்தியே செத்துப்போகும், பிறகு பிராணி எங்கிருந்து வரும் என்று திருப்பிக் கேட்டார். இருவரும் கத்தோலிக்கப் பாதிரியார்கள். ஆனால் சண்டை குடுவையைச் சுற்றித்தான் நடந்தது, பைபிளைச் சுற்றி அல்ல.

மூடிய குடுவையின் வழக்கு இன்னும் நூறு வருஷம் இழுக்கும், பாஸ்டர் வந்துதான் தீர்ப்பு. இந்த வாரம் நமக்குத் திறந்த குடுவையே போதும்.

வைக்கோலையோ மிளகையோ தண்ணீரில் ஊறப்போட்டுத் திறந்து வையுங்கள். முதல் நாள் எடுத்த துளியில் ஏதும் தென்படாது. சில நாள் கழித்து அதே குடுவையிலிருந்து ஒரு துளி எடுத்தால், எள் போட்டால் எள் விழாத கூட்டம். உருளும், ஓடும், முட்டித் திரும்பும். காற்றிலிருந்து நாலைந்து விழுந்திருக்கலாம் என்றே வைத்துக்கொள்வோம். நாலைந்து எப்படி ஒரே வாரத்தில் லட்சமாகும்? ஆண் எது, பெண் எது என்று யாருக்கும் தெரியவில்லை. முட்டையைக் கண்டதாகச் சொன்னவர்களுக்கும் அது முட்டைதான் என்று நிரூபிக்க முடியவில்லை. இந்த இடைவெளியில்தான் நீடத்தின் கட்சி வசதியாக உட்கார்ந்திருந்தது. பெற்றோரைக் காட்ட முடியாதவரை, பெற்றோர் இல்லாமலே பிறந்தன என்று சொல்பவரை எப்படி மறுப்பது?

ஒரே ஒரு தடயம் இருந்தது. கூட்டத்தில் அங்கங்கே இரண்டு பிராணிகள் ஒட்டிக்கொண்டே திரியும். 1676-ல் ராயல் சொசைட்டிக்குத் தன் புகழ்பெற்ற கடிதத்தை எழுதிய டெல்ஃப்ட் துணி வியாபாரி லீவன்ஹூக்கும் பின்னாளில் இப்படிப்பட்ட ஜோடிகளைப் பார்த்தார். கலவி என்று முடிவு கட்டினார். ஈயிலும் தவளையிலும் பார்த்துப் பழகிய காட்சி அது. வேறு என்ன தோன்றும்?

அது கலவி அல்ல, அதற்கு நேர் எதிரான ஒன்று என்று சொல்ல ஜெனீவாவிலிருந்து ஒருவர் வர வேண்டியிருந்தது. சொன்னவரை லண்டன் நம்பவில்லை.

★

அதற்குமுன் ஹாலந்துக்கு ஒரு நடை போய்விட்டு வரலாம்.

ஹேக் நகருக்குப் பக்கத்தில் சோர்க்ஃப்லீட் என்ற மாளிகை. பெண்டிங்க் பிரபுவின் இரண்டு பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தார் ஜெனீவாக்காரரான ஆபிரகாம் ட்ரெம்ப்ளே. ஹைட்ராவை வெட்டி, வெட்டிய துண்டுகள் ஒவ்வொன்றும் முழு ஹைட்ராவாக வளர்ந்ததைக் காட்டி ஐரோப்பாவையே வாய்பிளக்க வைத்தவர் இவர்தான். அந்த வேலையின் நடுவே, குளத்து நீரில் கிடைத்த இன்னும் சின்னஞ்சிறிய சில உயிர்களையும் கவனித்தார். ஒன்று ஊதுகொம்பு வடிவம், இன்று ஸ்டென்டர் என்கிறோம். இன்னொன்று காம்பில் நிற்கும் மணி வடிவம், நம் பாடப் புத்தகத்தின் வோர்டிசெல்லா வகையறா. 1744 தொடங்கிச் சில ஆண்டுகளில் அவர் எழுதி அனுப்பிய குறிப்புகளில், இந்த உயிர்கள் தாமாகவே பிளந்து இரண்டாவதைக் கண்டதாகச் சொல்லியிருந்தார். யாரும் வெட்டவில்லை, கத்தியே பக்கத்தில் இல்லை.

ட்ரெம்ப்ளேக்கு ஒரு வசதி இருந்தது. அவருடைய மணிகள் காம்பில் ஒட்டி நின்றன. காலையில் பார்த்த அதே மணியை மாலையிலும் பார்க்கலாம். ஓர் உயிர் இரண்டானது என்று சத்தியம் செய்ய, முதலில் பார்த்த உயிர்தான் அது என்று தெரிந்திருக்க வேண்டும் அல்லவா? ஊறலில் நீந்தும் பிராணிகளிடம் அந்த வசதி கிடையாது. கண் இமைப்பதற்குள் லென்சின் வட்டத்தைவிட்டு ஓடிவிடும். திரும்பி வருவது அதே பிராணியா, அதன் பங்காளியா, யார் கண்டது?

தவிர, ஹைட்ராவே பாதி செடி என்று சந்தேகிக்கப்பட்ட காலம் அது. காம்பில் நிற்கும் மணியும் ஏதோ செடி மாதிரி கிளை விடுகிறது போலும் என்று பலர் நகர்ந்துவிட்டார்கள். நீந்தி, துரத்தி, இரை தின்னும் பிராணி ஒன்று நடுவில் இரண்டாகப் பிரியும் என்பது வேறு விஷயம்.

★

லண்டன் நம்பாத அந்த ஜெனீவாக்காரரின் பெயர் ஒராஸ்-பெனெடிக்ட் த சொசூர். பிறந்தது 1740-ல். மலையேறிகளுக்கு இவரை நன்றாகத் தெரியும். மோன் பிளாங் சிகரத்துக்கு வழி கண்டுபிடிப்பவருக்குப் பரிசு தருவதாக 1760-லேயே அறிவித்து, 1786-ல் இருவர் ஏறிக் காட்டியதும் அடுத்த ஆண்டே தாமும் ஏறியவர். இவருடைய தாயின் சகோதரியை மணந்தவர் சார்ல்ஸ் போனே. அசுவினிப் பூச்சி ஆண் துணையில்லாமல் குட்டி போடும் என்பதை, பிறந்த கணத்திலிருந்து ஒற்றைப் பூச்சியைத் தனியே அடைத்துவைத்து நிரூபித்தவர். ஒரு பிராணியைத் தனிமைப்படுத்தினால்தான் அதன் குடும்ப ரகசியம் வெளிவரும் என்ற பாடம் சொசூருக்கு வீட்டிலேயே கிடைத்திருக்கிறது.

1769-ல் எழுதிய ஒரு கடிதத்தில் தாம் கண்டதை அவர் விவரித்தார். ஊறல் பிராணிகள் குறுக்கே இறுகிப் பிளந்து பெருகுகின்றன. ஜோடியாகத் தெரிபவை சேர வந்தவை அல்ல, பிரிந்துகொண்டிருப்பவை. அதிர்ஷ்டவசமாக ஒரே ஒரு பிராணியை ஒரு துளியில் தனியே பிடிக்க முடிந்தது. கண்ணெதிரே அது இரண்டானது. மறுநாள் ஐந்து. அதற்கு அடுத்த நாள் அறுபது. மூன்றாம் நாள் எண்ணிக்கை கைவிட்டுப் போய்விட்டது.

அந்த ஐந்து என்ற எண்ணை நான் மிகவும் நம்புகிறேன். கதை கட்டுபவர் நான்கு என்றோ எட்டு என்றோ எழுதியிருப்பார். எல்லாப் பிராணியும் மணியடித்தாற்போல ஒரே நேரத்தில் பிளப்பதில்லை. ஒன்று முந்தும், ஒன்று பிந்தும். ஐந்துதான் வரும்.

செய்தி லண்டனில் ஜான் எல்லிஸ் காதுக்குப் போயிற்று. அங்கேதான் முட்டுக்கட்டை.

★

எல்லிஸை முட்டாளாகக் காட்டிக் கதை சொல்வது சுலபம், பலரும் அப்படித்தான் சொல்கிறார்கள். அது அநியாயம். லினன் வியாபாரியாகத் தொடங்கி, மேற்கு புளோரிடாவுக்கு அரசின் முகவராக இருந்தவர். பவழத்தையும் கடற்பாசி என்று நம்பப்பட்ட பலவற்றையும் சின்னஞ்சிறு விலங்குகள்தான் கட்டுகின்றன என்று காட்டி, கோப்ளி பதக்கம் வாங்கியவர். பூச்சி தின்னும் வீனஸ் செடிக்கு அறிவியல் பெயர் சூட்டி லின்னேயஸுக்கு எழுதியவரும் இவரே.

ஊறல் பிராணிகளைப் பார்ப்பதிலும் சளைத்தவர் அல்ல. கஞ்சாச் செடியின் விதையை ஊறப்போட்டு ஆராய்ந்தார். (போலீஸைக் கூப்பிட வேண்டாம். ஐரோப்பாவில் கப்பல் கயிறு திரிக்கப் பயிரிட்ட செடி அது.) ஒரு நாள் ஜெரேனியத் தண்டின் சாற்றைக் கொஞ்சம் அந்த நீரில் கலந்தார். பிராணிகள் துடித்து நின்றன. உடலைச் சுற்றி நூல் நூலாக ஏதோ குத்திட்டு வெளிவந்தது. துடுப்புகள் என்று எழுதினார் எல்லிஸ். பரமீசியம் போன்ற உயிர்கள் ஆபத்தில் எய்யும் நுண்ணிய ஈட்டிகள் அவை என்று பிற்காலம் சொன்னது. அவற்றை முதலில் கண்ட கண் எல்லிஸின் கண்.

அப்படிப்பட்டவர் 1769-ஆம் ஆண்டின் ராயல் சொசைட்டி இதழில் சொசூரை மறுத்து எழுதினார். இரண்டாகப் பிரியும் பிராணிகளைத் தாமும் பார்த்ததாக ஒப்புக்கொண்டார். பார்த்தது மட்டுமில்லை, எண்ணியும் இருந்தார். ஐம்பதில் ஒன்றுகூடத் தேறுவது கஷ்டம். மீதி எல்லாம் முழுசாக நீந்திக்கொண்டிருக்கின்றன. அப்படியானால் பிளப்பது இயல்பான பிள்ளைப்பேறாக எப்படி இருக்கும்? நெரிசலில் அடிபட்டுக் காயம்பட்ட சில பிராணிகள் துண்டாகின்றன, அவ்வளவுதான். இயல்பான வழி வேறு. பெரிய பிராணிகளின் கண்ணாடி போன்ற தோலுக்குள்ளே குட்டிகள் தெரிகின்றன, அந்தக் குட்டிகளுக்குள்ளேயும் குட்டிகள் தெரிகின்றன என்றார்.

குட்டிக்குள் குட்டி என்பது வெறும் கற்பனையும் இல்லை. வால்வாக்ஸ் என்ற பச்சைப் பந்துக்குள் மகள் பந்துகள் வளர்வதை லீவன்ஹூக்கே கண்டிருந்தார். அது உண்மை. ஆனால் நீந்தும் ஊறல் பிராணிக்குள் தெரியும் உருண்டைகள் பெரும்பாலும் அது விழுங்கிய இரை. உணவுக்குமிழ் என்று பள்ளியில் படம் வரைந்து பாகம் குறித்தோமே, அது.

ஐம்பதில் ஒன்று என்ற எண் மட்டும் நெஞ்சில் முள்ளாகக் குத்தியது. எண்ணைத் தப்பு என்று சொல்ல முடியாது. யார் எண்ணினாலும் கிட்டத்தட்ட அப்படித்தான் வரும். சொசூரின் பக்கம் இருந்ததோ ஓர் அதிர்ஷ்டம், ஒரு கடிதம். மோதலால் பிளக்கிறது என்பவரை மறுக்க வேண்டுமென்றால், மோத எதுவுமே இல்லாத உலகத்தில் ஒரு பிராணியை விட வேண்டும். அதுவும் தற்செயலாக இல்லை, வேண்டும்போதெல்லாம், கேட்டவர் கண்முன்னே.

கால் மில்லிமீட்டர்கூட இல்லாத ஒரு பிராணியை, ஆயிரக்கணக்கில் மொய்க்கும் கூட்டத்திலிருந்து எந்த இடுக்கியால் தூக்குவது?

★

1769-ல் ஸ்பல்லன்சானி பாவியா பல்கலைக்கழகத்துக்கு மாறியிருந்தார். போனேயோடு கடிதப் போக்குவரத்து உண்டு. ஜெனீவாவின் செய்தியும் லண்டனின் மறுப்பும் அவருக்குத் தெரியும். அவர் செய்தது எளிமையின் உச்சம்.

ஒரு கண்ணாடித் தகடு. அதன்மேல் பிராணிகள் மொய்க்கும் ஊறல் நீர் ஒரு துளி. சற்றுத் தள்ளிச் சுத்தமான நீர் ஒரு துளி, அதில் ஒரு ஜீவனும் கிடையாது. கூரிய முனையால் முதல் துளியிலிருந்து இரண்டாவது துளி வரைக்கும் ஈரத்தை மெல்லிய கோடாக இழுத்தார். இரண்டு குளங்களுக்கு நடுவே ஒரு வாய்க்கால். பிறகு லென்சில் கண்ணை வைத்துக்கொண்டு காத்திருந்தார். கூட்டத்திலிருந்து ஒன்று வழிதவறி வாய்க்காலுக்குள் நுழைகிறது. நீந்துகிறது. சுத்த நீரை எட்டுகிறது. உடனே தூரிகையால் ஒரே துடைப்பு, வாய்க்கால் காலி. இரண்டு நுழைந்துவிட்டால் தகட்டைக் கழுவிவிட்டு மறுபடி முதலிலிருந்து.

இடுக்கியே தேவைப்படவில்லை. பிராணி தானாகவே நடந்து வந்து சிறைக்குள் புகுந்துகொண்டது.

இனி அந்தத் துளியில் முட்டவும் மோதவும் யாருமில்லை. எல்லிஸ் சொன்னது சரியென்றால் அது அப்படியே நீந்திக்கொண்டிருக்க வேண்டும், அல்லது வயிற்றைத் திறந்து குட்டிகளை விட வேண்டும்.

அது நடுவில் இறுகத் தொடங்கியது. இடுப்பு ஒடுங்கி ஒடுங்கி நூலாக மெலிந்தது. இரண்டு பக்கமும் இழுபறி. நூல் அறுந்தது. இரண்டு பாதியும் ஒன்றும் நடவாததுபோல நீந்திப் போயின. காயம்பட்ட பாதி மாதிரி எதுவும் துவண்டு கிடக்கவில்லை. தின்று, வளர்ந்து, அவையும் தம் முறை வந்ததும் பிளந்தன. வேறு வேறு இனப் பிராணிகளை வைத்தும் பார்த்தார். எல்லாம் ஒரே மாதிரி பிளக்கவில்லை, சிலவற்றுக்குக் குறுக்கு வெட்டு, சிலவற்றுக்கு நெடுக்கு வெட்டு. 1776-ல் வெளிவந்த அவருடைய உயிரியல் கட்டுரைத் தொகுப்பில் இவை அச்சேறின. அதே ஆண்டு அக்டோபரில் லண்டனில் எல்லிஸ் காலமானார்.

அந்த இறுகும் இடுப்புக்குள் என்ன நடக்கிறது என்று ஸ்பல்லன்சானியால் பார்த்திருக்க முடியாது. உட்கரு என்ற பெயரே 1831-ல் ராபர்ட் பிரவுன் சொல்லித்தான் வழக்குக்கு வந்தது. இன்று தெரிந்ததை வைத்துப் பார்த்தால் பரமீசியத்தின் பிளவு வெறும் இரண்டு துண்டு விவகாரமே இல்லை. இடுப்பு ஒடுங்குவதற்கு முன்பே உள்ளே வேலை மும்முரம். சிறிய உட்கரு தன் மரபுப் பொருளை இரட்டித்துப் பங்குபோட்டு இரு முனைக்கும் அனுப்புகிறது. பெரிய உட்கரு நீண்டு இழுபட்டு இரண்டாகிறது. பழைய வாய் முன்பாதிக்குப் போகும். பின்பாதிக்குப் புதிதாக ஒரு வாய் தயாராகிறது. சுருங்கும் நுண்குமிழ் தாயிடம் இரண்டு இருந்தது, ஆளுக்கு ஒன்று எடுத்துக்கொண்டு ஆளுக்கு ஒன்று புதிதாகச் செய்துகொள்ளும். துண்டிப்பு கடைசிச் சடங்கு. நல்ல தீனி இருந்தால் நாளைக்கு ஒன்றிலிருந்து நான்கு முறை வரை பிளக்கும், கண்ணுக்குத் தெரியும் பிளவு அரை மணி நேரம் போல நீடிக்கும்.

இப்போது எல்லிஸின் எண்ணை எடுத்துக்கொள்வோம். நாளைக்கு ஒரு முறை பிளக்கும் பிராணி, 24 மணி நேரத்தில் அரை மணி நேரம் மட்டும் இடுப்பு ஒடுங்கிக் காணப்படும். நாற்பத்தெட்டில் ஒரு பங்கு. ஏதோ ஒரு கணத்தில் துளிக்குள் எட்டிப் பார்த்தால் ஏறத்தாழ ஐம்பதில் ஒன்றுதான் பிளந்துகொண்டிருக்கும்! ஐம்பது வீட்டுத் தெருவில் இன்றைக்கு ஒரு வீட்டில் மட்டும் கல்யாணப் பந்தல் என்றால், மற்ற நாற்பத்தொன்பது வீட்டிலும் கல்யாண வழக்கமே இல்லை என்றா சொல்வோம்? எல்லிஸ் சொன்னது அதுதான். எல்லாப் பிராணியும் பிளக்கிறது என்பதற்கான சாட்சி அவர் கையிலேயே இருந்தது. எண்ணியவர் நேரத்தைக் கணக்கில் சேர்க்கவில்லை.

★

நீடத்தின் கதி என்ன? லட்சம் எப்படி வந்தது என்ற கேள்விக்கு விடை கிடைத்துவிட்டது. நாளைக்கு மூன்று முறை பிளந்தால் ஒரே ஒரு பிராணி ஏழு நாளில் 20,97,152. தின்னத் தீனியும் இருக்க இடமும் இருக்கும்வரை. திறந்த குடுவைக்கு இனிமேல் அதிசய சக்தி எதுவும் தேவையில்லை. முதல் பிராணி எங்கிருந்து வந்தது என்ற கேள்வி மட்டும் அப்படியே நின்றது. ஸ்பல்லன்சானி பாதி வழக்கைத்தான் ஜெயித்தார் என்பதே என் கணிப்பு.

ஜெயித்த பாதியும் நண்பர்களைச் சங்கடத்தில் தள்ளியது. எல்லா உயிரும் கருவுக்குள் கருவாக முன்கூட்டியே செய்து அடுக்கப்பட்டவை என்பது போனேயின் கொள்கை. எல்லிஸின் குட்டிக்குள் குட்டி அதற்குக் கச்சிதமாகப் பொருந்தியிருக்கும். மனைவியின் சகோதரி மகனும் அருமை நண்பரும் கண்டுபிடித்ததோ, தானே இரண்டாகும் பிராணி. ஹைட்ராவை ட்ரெம்ப்ளே வெட்டியபோதே, ஆன்மா எந்தத் துண்டுக்குப் போனது என்று போனே குழம்பியிருந்தார். இங்கே வெட்ட ஆளே இல்லை.

தாய் எங்கே? முன்பாதி தாயா, பின்பாதி தாயா? இரண்டும் பிள்ளை என்றால், செத்தது யார்? பிணம் எங்கே?

கேட்டுவிட்டுச் சிரித்து நகர்ந்துவிடக்கூடிய கேள்வி இல்லை இது. நூறு ஆண்டு கழித்து ஜெர்மானிய விலங்கியலாளர் ஆகஸ்ட் வைஸ்மன் இதைத் தீவிரமாக எடுத்துக்கொண்டார். 1880-களில் அவர் முன்வைத்த வாதம்: ஒற்றைச் செல் உயிருக்கு முதுமையால் வரும் சாவு கிடையாது. கொதிநீரில் போட்டால் சாகும், பட்டினி போட்டால் சாகும், எதிரி விழுங்கினால் சாகும். விட்டுவிட்டால் பிளந்துகொண்டே இருக்கும். சாவு என்பதே பல செல் உடலோடு வந்த சமாச்சாரம்.

அதே பத்தாண்டில், மத்தியதரைக் கடலின் தென்கரையில், அல்ஜியர்ஸ் நூலகத்தில் பணியாற்றிய எமில் மோபா என்ற பிரெஞ்சுக்காரர் ஸ்பல்லன்சானி விட்ட இடத்திலிருந்து தொடங்கினார். ஒரு பிராணியைத் தனிமைப்படுத்தி, பிளந்ததும் பிள்ளைகளில் சிலவற்றை மறுபடி தனிமைப்படுத்தி, பிளவுகளைக் குறித்துக்கொண்டே போனார். ஒரு பிளவு, பத்துப் பிளவு அல்ல, நூற்றுக்கும் மேற்பட்ட தலைமுறைகள். முதலில் எல்லாம் ஒழுங்காகத்தான் நடந்தது. பிறகு பிராணிகள் அளவில் சிறுத்தன. நீந்த உதவும் குறு இழைகள் குறைந்தன. உட்கரு சிதைந்தது. பிளவு தள்ளிப்போயிற்று. சாவே இல்லை என்று வைஸ்மன் சொன்ன உயிருக்கு, மோபாவின் துளியில் கிழடு தட்டிக்கொண்டிருந்தது.

காப்பாற்ற ஒரு வழி உண்டு என்று மோபா நம்பினார். ஒட்டித் திரியும் ஜோடிகள் எல்லாமே முன்னும் பின்னுமாக ஒட்டியவை அல்ல, சில ஜோடிகள் பக்கத்தோடு பக்கமாக ஒட்டியிருக்கும். அவை பிரிந்துகொண்டிருப்பவை அல்ல. குலம் முற்றிலும் கிழடாவதற்கு முன் அப்படி ஒரு ஜோடி சேர வேண்டும், அதற்கு உடன்பிறப்பு உதவாது. வேறொரு குலத்திலிருந்து ஒரு பிராணியைக் கொண்டுவந்து அந்தத் துளியில் விட்டார் மோபா.

(தொடரும்)